ஸ்லோ மோஷன்: கௌபாய் படத்திலிருந்து வீடியோ கேமுக்கு

ஓரிக்கையிலிருந்து பேசுறேன். பின்னாடி தறிச் சத்தம் கேட்டா பொறுத்துக்கோங்க.

எங்க அப்பா, கர்ணன் இயக்கத்துல ஜெய்சங்கர் நடிச்ச 'கங்கா' (1972) மாதிரி கௌபாய் படங்களைப் பார்த்து வளர்ந்தவர். நான் 'ரெட் டெட் ரிடெம்ப்ஷன்' (2010) கேம் ஆடும்போது பக்கத்துல உக்காந்து கேட்டார்: "சுட்டவன் விழறதைக்கூடப் பாக்காம அடுத்தவனைக் குறி வைக்கிறியேடா?"

நியாயமான கேள்வி. 'தி வைல்ட் பன்ச்' (1969) படத்துல சாம் பெக்கின்பா துப்பாக்கிச் சண்டையை ஸ்லோ மோஷன்ல காட்டினார். குண்டு பட்டவன் விழறதை நாம கண்ணைத் திருப்பாம பாக்க வேண்டியிருந்தது. கேம்ல 'டெட் ஐ'ன்னு ஒரு வசதி. அதுவும் ஸ்லோ மோஷன்தான். ஆனா இங்கே அது நாம குறி பார்க்கக் கிடைக்கிற நேரம். படத்துல பதற வெச்சது, கேம்ல பலமா மாறிடுச்சு.

இனி கிளைமாக்ஸ், ஆடாதவங்க இதோட நிறுத்திக்கலாம். நாயகன் ஜான் மார்ஸ்டன் கதவைத் திறந்து வெளியே வரார். எதிரே வரிசையா துப்பாக்கிகள். 'டெட் ஐ' தானா வருது. எத்தனை பேரைச் சுட்டாலும் அவர் பிழைக்க மாட்டார். பெக்கின்பா பட நாயகர்களுக்கும் இதே கதிதான்.

அன்னைக்கு அவர் விழறதை நானும் அப்பாவும் சேர்ந்து முழுசாப் பார்த்தோம்.