வானத்துக்கே கையெழுத்துப் போட்ட ஓவியர், தெரியுமா?

வானம் யாருக்குச் சொந்தம்? 1947-ல் பிரான்ஸின் நீஸ் நகரக் கடற்கரையில் மூன்று இளைஞர்கள் உட்கார்ந்து உலகத்தைப் பங்கு போட்டார்கள். ஒருவருக்கு வானம் விழுந்தது. விடுவாரா? மனசாலேயே அதில் கையெழுத்தைப் போட்டுவிட்டார்! வயது 19. பெயர் ஈவ் க்ளைன். அதன் பிறகு பறவைகளைக் கண்டாலே அவருக்கு ஆகாது. ஏன் தெரியுமா? அவருடைய ஆகப் பெரிய ஓவியத்தில் ஓட்டை போடப் பார்க்கின்றனவாம்!

அப்பா ஓவியர். அம்மாவும் ஓவியர். பிள்ளையோ ஜூடோவுக்குப் போனார்! ஜப்பானின் கொடோகானில் பயின்று, கறுப்புப் பட்டையில் நான்காம் படியோடு ஊர் திரும்பினார்.

சரி, அவருக்குப் புகழ் தேடித் தந்த நீலம் எது? அல்ட்ராமரைன். அந்தக் காலத்தில் வெள்ளை வேட்டிக்குப் போட்ட நீலப் பொடியின் உறவுக்காரன்தான்! பொடியாக இருக்கையில் தகதகக்கும்; எண்ணெயில் குழைத்தால் மங்கிவிடும். பாரிஸின் வண்ணக் கடைக்காரர் எதுவார் அதாம் உதவியோடு ஒரு செயற்கைப் பிசினைப் பிடித்தார் க்ளைன். காய்ந்த பிறகும் பொடி தூவியது போலவே இருக்கும்! 1960 மே 19-ல் செய்முறையை உறையிலிட்டுப் பதிவும் செய்தார். காப்புரிமை வாங்கினார் என்று பலர் எழுதுகிறார்கள். தப்பு! எந்தத் தேதியில் கண்டுபிடித்தார் என்பதற்கு அது சாட்சி, அவ்வளவுதான்.

1957-ல் மிலானில் 11 படங்கள் மாட்டினார். எல்லாம் ஒரே அளவு, ஒரே நீலம்! விலை மட்டும் வேறு வேறு என்று அவரே சொல்லிக்கொண்டார்.

அடுத்த கூத்தைக் கேளுங்கள். 1958 ஏப்ரல் 28, அவருடைய 30-வது பிறந்தநாள். பாரிஸில் கண்காட்சி. வாசலில் நீலத் திரை, சீருடையில் காவலர்கள், தெருவெல்லாம் கூட்டம்! முண்டியடித்து உள்ளே போனால்? ஒன்றுமே இல்லை! வெள்ளையடித்த வெற்று அறை! முந்தைய ஆண்டு நோபல் வாங்கிய ஆல்பெர் காம்யூகூட வந்து பார்த்தார். வந்தவர்களுக்கு நீல நிற மது கொடுத்தார்கள். அதில் மெத்திலீன் புளூ கலந்திருந்தது. வீட்டுக்குப் போய்ச் சிறுநீர் கழித்தவர்களுக்கு... ஆமாம், அதுவும் நீலம்!

வெற்றிடத்தை விற்கவும் செய்தார், தெரியுமா? விலை தங்கம்! வாங்கியவர் ரசீதை எரித்தால், க்ளைன் பாதித் தங்கத்தை செய்ன் நதியில் வீசுவார். எரிக்காமல் தப்பிய ஒரு ரசீது 2022 ஏலத்தில் என்ன விலை போனது? 10 லட்சம் யூரோவுக்கும் மேல்! வெறும் ரசீது, ஐயா!

1960-ல் மதில் மேலிருந்து தெருவை நோக்கிப் பறப்பது போல ஒரு புகைப்படம் எடுத்துக்கொண்டார். எப்படி? கீழே நண்பர்கள் தார்ப்பாய் பிடித்திருந்தார்கள். இருட்டறையில் இரண்டு படங்களை ஒட்டித் தார்ப்பாயை மறைத்துவிட்டார்கள்!

அவர் அமைத்த சிம்பொனியில் 20 நிமிடம் ஒரே நாதம், அடுத்த 20 நிமிடம் மௌனம்! பெண்களின் உடலில் நீலம் பூசிக் காகிதத்தில் பதித்தார், நெருப்பாலும் வரைந்தார். இத்தனையும் எத்தனை வயதுக்குள்? 34!

1962 ஜனவரியில் கல்யாணம். ஜூன் 6-ல் மாரடைப்பில் போய்விட்டார். ஆகஸ்டில் மகன் பிறந்தான். என்ன பெயர் வைத்தார்கள் தெரியுமா? ஈவ்!