வெள்ளி ரிப்பன் வாய்க்குள்ளே ஊசிப் பற்கள்!

தாம்பரம் பக்கத்துச் சந்தைகளில் வெள்ளி ரிப்பன் போன்ற வாளைக் கருவாட்டைப் பார்த்திருப்பீர்கள். ஏழை வீட்டுக் குழம்பை மணக்க வைக்கும் அந்த மீன், கடலில் பொல்லாத வேட்டைக்காரன்!

கோவளம், காசிமேடு கரைகளில் வாளை வந்து இறங்கும்போது அதன் வாயைப் பாருங்கள். மேல்தாடையின் முன்னால் கோரைப் பற்கள். அவற்றின் நுனியில் கொக்கி! சிக்கிய இரை நழுவாது.

உடம்பில் செதில் கிடையாது. வால் துடுப்பும் கிடையாது. சாட்டை போல மெலிந்து முடியும். 2 மீட்டருக்கு மேலும் வளரும். தலையை மேலே தூக்கி, தண்ணீரில் செங்குத்தாக நின்று காத்திருக்கும். மேலே நெத்திலிக் கூட்டம் போனால் ஒரே பாய்ச்சல்!

நெத்திலி மட்டுமா? தன் இனத்துக் குஞ்சுகளையே விழுங்கிவிடும். பெரிய வாளைகள் பகலில் மேல்மட்டத்துக்கு வந்து இரை தேடும். குஞ்சுகளோ இரவில்தான் மேலே வரும். அப்பன் வரும் நேரம் பிள்ளைக்கு ஆகாது போலும்!

(பாட்டுகளில் வயலில் துள்ளும் வாளை வேறு. அது மீசை வைத்த நன்னீர் மீன்.)

சீனர்களுக்கு இது பிரியமான மீன். ஐஸில் உறைந்து, நம் நாட்டிலிருந்து கப்பலேறுகிறது.

வலையிலிருந்து எடுப்பவர்களின் விரல்களுக்குத்தான் ஆபத்து. செத்த மீனின் பல்லும் கிழிக்கும். வீட்டில் கழுவும்போது முதலில் தலையை வெட்டி எடுத்துவிடுங்கள், தாய்மார்களே!