கற்பனை நிலங்களின் வழியே – 9: உதிர மறுத்த இலைகள்

மிர்க்வுட் காட்டின் எல்ஃப் அரசனுக்கு வருடம் முழுவதற்குமான கிரீடம் என்று ஒன்று கிடையாது. வசந்தத்தில் காட்டுப் பூக்களைச் சூடுகிறான். இலையுதிர் காலம் வந்ததும் சிவந்த இலைகளும் காட்டுப் பழங்களும் தலைக்கு ஏறுகின்றன. 1937-இல் வெளியான ‘தி ஹாபிட்’ நாவலில் டோல்கீன் இந்த அரசனுக்குப் பெயர்கூட வைக்கவில்லை. திராண்டுவில் என்ற பெயர் அடுத்த நூலில்தான் வருகிறது. ஆனால் எந்தப் பருவத்தில் என்ன சூடுவான் என்று சொல்ல மறக்கவில்லை.

பசியில் துவண்ட பதின்மூன்று குள்ளர்களும் நாவலின் நாயகன் பில்போவும், தடத்தை விட்டு விலகாதீர்கள் என்ற எச்சரிக்கையை மீறி, மரங்களுக்கு இடையே தெரிந்த வெளிச்சத்தை நோக்கி நடக்கிறார்கள். அங்கே எல்ஃப்கள் வட்டமாக உட்கார்ந்து உண்டு குடித்துச் சிரித்துக்கொண்டிருக்கிறார்கள். தீயில் வாட்டிய இறைச்சியின் வாசனை வருகிறது. இவர்கள் வட்டத்துக்குள் கால் வைத்த நொடியில் எல்லா வெளிச்சமும் அணைந்துவிடுகிறது. கும்மிருட்டில் ஒருவரையொருவர் தடவித் தேடி ஒன்று சேர்ந்தால், சற்றுத் தள்ளி மறுபடி விருந்து, மறுபடி வெளிச்சம். மூன்று முறை இப்படி நடக்கிறது. இரண்டாம் முறை பில்போவும் மூன்றாம் முறை குள்ளர்களின் தலைவன் தோரினும் மாயத் தூக்கத்தில் சரிந்து விழுகிறார்கள்.

மந்திரம் ஓதுகிறவர் யாரும் இந்தக் காட்சியில் இல்லை. விருந்துதான் மாயம். அரசன் தலையில் இருக்கும் இலை காட்டில் உதிரும் இலையேதான். பருவத்தோடு சேர்ந்து நடக்கிறவர்களுக்கு அந்த வட்டம் திறந்திருக்கிறது. சோற்றை மட்டும் பார்த்து வருகிறவர்களுக்கு இருட்டு. எல்ஃப்களின் பருவ மரபை நான் இங்கிருந்துதான் புரிந்துகொள்ளத் தொடங்குகிறேன்.

‘தி லார்ட் ஆஃப் தி ரிங்ஸ்’ நூலின் பின்னிணைப்பு இதை எண்களில் காட்டுகிறது. ரிவெண்டெல் எல்ஃப்களுக்கு ஆண்டுக்கு ஆறு பருவங்கள். வசந்தம் 54 நாள், கோடை 72, இலையுதிர் காலம் 54, வாடும் காலம் 54, குளிர்காலம் 72, துளிர் அசையும் காலம் 54. இவற்றில் சேராமல் ஆண்டின் முதல் நாளும் கடைசி நாளும் தனி, நடுவில் மூன்று நாட்கள் தனி; ஆக 365. கார், கூதிர் என்று நாமும் ஆறாகப் பிரித்தவர்கள்தான், ஆனால் நம் பெரும்பொழுதுகள் தலா இரண்டு மாதம். டோல்கீனின் கணக்கில் கோடைக்கும் குளிருக்கும் நீளம் அதிகம். என்னை மிகவும் ஈர்ப்பது அந்த ஆறாவது பருவம். குளிர் விலகத் தொடங்கியிருக்கும். கிளையில் இன்னும் எதுவும் தெரியாது. அதற்கு 54 நாள் ஒதுக்கி ஒரு பெயரும் வைத்திருக்கிறார்கள் என்றால், தினம் மரத்தைப் பார்க்கிறவர்கள் அவர்கள்.

இதே இனத்தார் லோத்லோரியனில் செய்தது வேறு. அங்கே வளரும் மால்லோர்ன் மரத்தின் இலைகள் இலையுதிர் காலத்தில் பொன்னாக மாறும், ஆனால் விழாது. வசந்தத்தில் புதுத்துளிர் விரிந்த பிறகே உதிரும். ‘தி லார்ட் ஆஃப் தி ரிங்ஸ்’ நாயகன் ஃப்ரோடோவும் தோழர்களும் உள்ளே நுழைவது நடுக்குளிரில். கெரின் அம்ரோத் மேட்டில் புல் நிறையப் பொன்னிறத்திலும் வெண்மையிலும் சிறு பூக்கள். அந்தக் காட்டின் தலைவி கலாட்ரியேலின் விரலில் உள்ள நென்யா மோதிரம் அங்கே காலத்தைத் தடுத்து வைத்திருக்கிறது. ஏறக்குறைய ஒரு மாதம் தங்கிவிட்டுப் படகில் பயணத்தைத் தொடரும்போது, தோழர்களில் தோட்டக்காரனான சாம் நிலவைப் பார்த்துத் திகைக்கிறான். அவன் நினைவில் நிற்பவை சில இரவுகள்தான். பிறையோ வேறு கணக்குச் சொல்கிறது.

அந்தக் காட்டின் அழகில் மயங்காத வாசகர் இருக்க முடியாது. ஆனாலும் எனக்கு அது மிர்க்வுட் விருந்தைவிடச் சோகமான மாயம். 1954-இல் எழுதிய கடிதமொன்றில் டோல்கீனே, காலத்தைத் தடுத்து வைக்க நினைக்கும் எல்ஃப்களின் ஆசையை உடலைப் பதப்படுத்துகிறவர்களின் வேலையோடு ஒப்பிட்டார். மோதிரத்தின் சக்தி போனதும் லோத்லோரியனும் வாடுகிறது. நெடுங்காலம் கழித்து, கணவனை இழந்த எல்ஃப் பெண் ஆர்வென் அங்கே தனியாக வந்து சேர்கிறாள். அவள் இறக்கும்போது வசந்தம் பிறக்கவில்லை, மால்லோர்ன் இலைகளோ உதிர்ந்துகொண்டிருக்கின்றன. பின்னிணைப்பில் போகிறபோக்கில் வரும் தகவல்தான். மரத்தின் பழைய வழக்கத்தை மறந்தவர் கவனிக்காமல் தாண்டிவிடுவார். தெரிந்தவருக்கு அது பேரிடி.

அந்த வாட்டத்திலிருந்து தப்பியது, கலாட்ரியேல் சாம் கையில் கொடுத்த சிறு பெட்டி. உள்ளே அவளுடைய தோட்டத்து மண், வெள்ளித் தோல் மூடிய ஒரு விதை. ஊர் திரும்பினால், ஹாபிட்களின் நாடான ஷையரில் மரங்களையெல்லாம் வெட்டிச் சாய்த்திருக்கிறார்கள். சாம் முதலில் கன்றுகளை நடுகிறான். ஒவ்வொன்றின் வேரடியிலும் அந்த மண்ணில் ஒரு துகள். மிச்சத்தை ஷையரின் நடுவில் உள்ள முக்கல்லில் நின்று காற்றில் தூவுகிறான். விதை, விருந்து மரம் நின்ற திடலுக்குப் போகிறது. குளிர்காலம் முழுக்க, முளைத்ததா என்று ஓடிப்போய்ப் பார்க்காமல் இருக்க அவன் படும் பாட்டை டோல்கீன் எழுதியிருக்கிறார். தோட்டக்காரன் அறிந்த ஆறாம் பருவம் அது.

ஏப்ரலில் மால்லோர்ன் பூத்தது. லோத்லோரியனில் காலத்தை நிறுத்தப் பயன்பட்ட அதே மாயம், இங்கே காலத்தை ஓட விட்டது. ஷையர் கணக்கில் 1420-ஆம் ஆண்டு. மழையும் வெயிலும் அளவாக, பழங்கள் குவிய, அந்த ஆண்டின் பார்லியில் வடித்த பீரைப் பற்றி ஹாபிட்கள் வெகுகாலம் பேசினார்கள்.

அடுத்த வாரம் ஃபேங்கோர்ன் காட்டில், மூன்று நாள் நீளும் என்ட்களின் கூட்டத்தில் உட்காரலாம்.