கன்னிசாமி: அன்றும் இன்றும்

கார்த்திகை முதல் தேதி, பொழுது விடியுமுன் எங்கள் ஊரான கோம்பையின் தெருவில் வாளிச் சத்தம் கேட்டால் அந்த வீட்டில் யாரோ மாலை போடுகிறார்கள் என்று அர்த்தம். நான் முதல் தடவை சபரிமலைக்கு மாலை போட்டுக் கன்னிசாமியான வருஷமும் அப்படித்தான். மேற்கு மலையிலிருந்து இறங்கிய குளிரில் தலைமுழுகி, ஈரம் சொட்டச் சொட்ட நின்றேன். குருசாமி சரணம் சொல்லி, துளசிமணி மாலையை என் கழுத்தில் போட்டார். அதுவரை 'டேய்' என்று கூப்பிட்டுக்கொண்டிருந்த பெரியப்பா, "சாமி, உள்ள வாங்க" என்றார். பதினைந்து வயசுப் பையனுக்கு அந்த ஒரு சொல் போதும். அன்றிலிருந்து செருப்பு இல்லை, மெத்தை இல்லை, கவிச்சி இல்லை, சவரம் இல்லை. இரண்டு வேளை குளியல்.

அன்று மாலை அவ்வளவு லேசில் கிடைக்காது. குடிப்பழக்கம் உள்ளவர் வந்து நின்றால், "ஒரு மாசம் தொடாம இருந்துட்டு வா, அப்புறம் பாப்போம்" என்று குருசாமி திருப்பி அனுப்பிவிடுவார். போட்ட பிறகும் விடமாட்டார். சாயங்காலம் வீட்டு வாசலில் வந்து நின்று, "சாமி இன்னைக்குக் கோவப்பட்டாரா?" என்று அம்மாவிடம் விசாரிப்பார். அம்மா பொய் சொல்ல மாட்டாள்.

நேபாளத்தில் காத்மாண்டு பள்ளத்தாக்கின் நேவார் பௌத்தர்களிடமும் இதைப் போல ஒரு சடங்கு உண்டு. பரே சுயேகு என்பார்கள். சாக்கிய, வஜ்ராசாரியக் குலத்துச் சிறுவர்களுக்குக் குடுமியை நீக்கி, துவராடை உடுத்தி, பிச்சைப் பாத்திரம் கொடுத்து பிக்குவாக்குகிறார்கள். பையன் உறவினர் வீடுகளில் பிச்சை ஏற்கிறான். நான்காம் நாள் ஆடையைத் திருப்பிக் கொடுத்துவிட்டு வீட்டுப் பிள்ளையாகிறான். ஆனால் குலத்து விகாரையில் அவனுக்குக் கிடைத்த இடம் ஆயுளுக்கும் போகாது. அதைப் படித்தபோது எனக்கு எங்கள் கன்னிசாமிதான் நினைவுக்கு வந்தான். கொஞ்ச காலம் துறவி, பிறகு சம்சாரி. ஐயப்ப சரணத்தில் பௌத்தத்தின் சாயலைக் காண்பவர்களும் உண்டு. அது முடியாத விவாதம். ஆனால் நேபாளத்தில் பிறப்பு பார்க்கிறார்கள். இங்கே எந்தச் சாதிக்காரர் கழுத்திலும் மாலை விழும், விழுந்ததும் அவர் சாமி. பத்திலிருந்து ஐம்பது வயதுக்குள் உள்ள பெண்களுக்கு மட்டும் இந்த வாசல் திறக்கவில்லை. அவர்களையும் அனுமதித்த 2018 உச்ச நீதிமன்றத் தீர்ப்புக்குப் பிறகும் நடைமுறை பெரிதாக மாறவில்லை.

எங்கள் பக்கத்துக்கும் சபரிமலைக்கும் உள்ள உறவு நெருக்கமானது. 1950இல் கோயில் தீக்கிரையான பிறகு, 1951இல் பிரதிஷ்டையான ஐம்பொன் சிலையை வழங்கியதில் முன்னின்றவர் பக்கத்து உத்தமபாளையத்தில் பிறந்த பி.டி.ராஜன். 1936இல் சென்னை மாகாணத்தின் முதல் மந்திரியாகச் சில மாதங்கள் இருந்த நீதிக்கட்சித் தலைவர் அவர். மலைக்குப் போகுமுன் அந்தச் சிலை தமிழ்நாட்டு ஊர்களில் ஊர்வலம் வந்தது. நவாப் ராஜமாணிக்கத்தின் ஐயப்பன் நாடகமும் சேர்ந்துகொள்ள, தமிழ்நாட்டில் மாலை போடுகிறவர்கள் பெருகினார்கள்.

இருமுடிக்கட்டு நிறைக்கும் நாளை நினைத்தால் இன்றைக்கும் மூக்கில் நெய் மணக்கிறது. முந்தின நாளே தேங்காயை எடுத்து நார் துளியும் இல்லாமல் சுரண்டி, ஓடு பளபளக்கும்வரை தேய்க்க வேண்டும். ஒரு கண்ணைத் திறந்து தண்ணீரை வடித்து, உருக்கிய நெய்யைச் சரணம் சொல்லிச் சொல்லி ஊற்றுவார்கள். தக்கையால் அடைத்து மேலே அரக்கு. அது முன்முடிக்கு. பின்முடியில் வழிச்சாப்பாட்டுக்கு அரிசி, பருப்பு, உப்பு, புளி. குமுளி ஏறி, வண்டிப்பெரியாறு தாண்டி, காட்டுக்குள் நடந்து புல்மேட்டில் ஏறுவதற்குள் பின்முடி பாதி இளைத்திருக்கும். முன்முடியின் நெய் மட்டும் குறையாமல் சன்னிதானம் போய் அபிஷேகமாகும். வெறும் தேங்காய் மூடி ஆழித்தீக்குப் போகும்.

இன்று உரித்துத் தேய்த்த தேங்காய் கடையிலேயே கிடைக்கிறது. பின்முடியில் பேருக்கு ஒரு பிடி அரிசி. 2011இல் இணையவழி வரிசை வந்தது. இப்போது தரிசனத் தேதி கிடைத்த பிறகுதான் மாலை போடும் தேதியே முடிவாகிறது. மூன்று நாள் மாலை, ஒரு வாரத்து மாலை எல்லாம் சகஜமாகிவிட்டன. கண்ணாடி முன் நின்று தானே போட்டுக்கொள்கிறவர்களும் இருக்கிறார்கள். சீசனில் வண்டிகள் கம்பம்மெட்டு வழியாக ஏறி, குமுளி வழியாக இறங்கும்படி போலீசார் திருப்பிவிடும் அளவுக்குக் கூட்டம். வசதிகளை நான் குறை சொல்லமாட்டேன். அதே 2011இல், ஜனவரி 14 இரவு, மகரஜோதி பார்த்துத் திரும்பும்போது புல்மேட்டு நெரிசலில் நூறு பேருக்கு மேல் இறந்தார்கள். தமிழ்நாட்டுக்காரர்களும் அதில் இருந்தார்கள். கூட்டத்தை ஒழுங்குபடுத்த எது வந்தாலும் நல்லதுதான்.

குறுகிப்போன விரதத்தைத்தான் என்னால் ஏற்க முடியவில்லை. "லீவு இல்ல சாமி" என்கிறார்கள். விரதத்துக்கு லீவு எதற்கு? எங்கள் ஊர்ச் சாமிகள் மாலையோடுதான் நெல் அறுத்தார்கள், திராட்சைக்கு மருந்தடித்தார்கள், மாட்டுவண்டி ஓட்டினார்கள். மலைக்குப் போவது இரண்டு நாள் காரியம். வேலை, வீடு, கடன், சண்டை எல்லாவற்றுக்கும் நடுவில் 41 நாள் சாமியாக இருந்து பார்ப்பதுதான் தீட்சை. அந்த நாட்களில் எங்கள் வீட்டில் சத்தம் போட்டு யாரும் பேசியதில்லை.

இந்தக் கார்த்திகையில் கன்னிசாமியாகப் போகிறவர்களுக்கு ஒரு வேண்டுகோள். முதல் தேதியே போடுங்கள். ஊரில் ஒரு குருசாமி கட்டாயம் இருப்பார். தேடிப்போய் அவர் கையால் போட்டுக்கொள்ளுங்கள். தேங்காயை நீங்களே தேயுங்கள்.