அப்டேட்டைச் சோதிக்கும் கோப்பு

‘வைரஸ் டெஃபனிஷன்கள் புதுப்பிக்கப்பட்டன’ என்று திரையின் மூலையில் ஒரு வரி வந்து மறைகிறது. அதற்கு முந்தைய சில நொடிகளில், எங்கோ இருக்கும் ஒரு சர்வரிலிருந்து வந்த கோப்பு நம் கணினியின் மிக அதிகாரம் வாய்ந்த மென்பொருளுக்குள் நுழைந்துவிட்டது. அந்தக் கோப்பை நம்பலாமா என்று முடிவெடுத்தது யார்?

ஆன்டிவைரஸ் என்றதும் நினைவுக்கு வருபவை இரண்டு. ஒன்று கோப்புகளை அலசும் இன்ஜின், மற்றொன்று எதைத் தேட வேண்டும் என்று அதற்குச் சொல்லும் டெஃபனிஷன். இரண்டுக்கும் நடுவே, புதிய டெஃபனிஷனைக் கொண்டுவந்து, சோதித்து, பழையதை எடுத்துவிட்டுப் பொருத்துகிற லைப்ரரி ஒன்று உண்டு. என்னைக் கேட்டால், பாதுகாப்பின் பாதி அங்கேதான் இருக்கிறது.

இதைத் திறந்து பார்க்க வசதியானது கிளாம்ஏவி. போலந்தைச் சேர்ந்த டொமாஸ் கோய்ம் 2002இல் தொடங்கிய திறந்த மூல ஆன்டிவைரஸ் இது. இன்று சிஸ்கோ நிறுவனத்திடம் இருக்கிறது. மெயில் சர்வர்களில் அதிகம் ஓடுகிறது. 2019இல் வந்த 0.102 பதிப்பில் அப்டேட் வேலையை மட்டும் பிரித்து ‘லிப்ஃபிரெஷ்கிளாம்’ என்ற தனி லைப்ரரியாக்கினார்கள். இயல்பான அமைப்பில் ஒரு நாளைக்கு 12 முறை அது விழித்துப் பார்க்கும். அதற்காக ஒவ்வொரு முறையும் பெரிய கோப்பை இறக்குவதில்லை. இணையதள முகவரிகளைக் கண்டுபிடிக்க உதவும் டிஎன்எஸ் அமைப்பில் ஒரு சிறு குறிப்பாகவே புதிய பதிப்பு எண் கிடைத்துவிடும். கையில் இருக்கும் எண்ணும் அதுவும் ஒன்றென்றால் வேலை முடிந்தது. மாறியிருந்தால், பெரும்பாலும் மாற்றங்கள் மட்டும் அடங்கிய சிறு கோப்பு வந்து சேரும்.

முழுக் கோப்பு வந்தால் அதன் முதல் 512 பைட்டுகள் வெறும் எழுத்துகள்தான். உருவாக்கிய நேரம், பதிப்பு எண், சிக்னேச்சர்கள் எனப்படும் வைரஸ் அடையாளங்களின் எண்ணிக்கை, இதைப் படிக்க இன்ஜினுக்கு வேண்டிய திறன் நிலை, மீதிக் கோப்பின் எம்டி5 சுருக்கம், டிஜிட்டல் கையொப்பம், தொகுத்தவரின் பெயர் என எல்லாம் வரிசையாக இருக்கும். லைப்ரரி அந்தச் சுருக்கத்தைத் தானே மறுபடி கணக்கிட்டு ஒப்பிடுகிறது; தன்னிடம் உள்ள சாவியால் கையொப்பத்தைச் சரிபார்க்கிறது. அதன் பிறகும் பழையதைத் தூக்கிப் போடுவதில்லை. புதியதை ஒரு தற்காலிக ஃபோல்டரில் வைத்து, இன்ஜின் அதை விக்கலில்லாமல் படிக்கிறதா என்று ஓட்டிப் பார்க்கிறது. அதிலும் தேறினால்தான் இடமாற்றம். அனுப்பியவர் யார், உள்ளே இருப்பது படிக்கத் தக்கதா என்ற இரண்டு கேள்விகளும் இந்த இடத்தில் தனித்தனியாகக் கேட்கப்படுகின்றன.

முதல் கேள்வியை விட்டால் என்ன ஆகும் என்பதற்கு நம் நாட்டு உதாரணமே இருக்கிறது. இந்திய ஆன்டிவைரஸான இஸ்கேனின் அப்டேட்டுகள் குறியாக்கம் இல்லாத ஹெச்டிடிபி வழியாக வந்துகொண்டிருந்தன. வழியிலேயே அதை இடைமறித்த யாரோ, அப்டேட் பொதியை எடுத்துவிட்டுத் தங்கள் பொதியைச் செருகினார்கள். உள்ளே இருந்தது ஒரு டிஎல்எல் கோப்பு, பெயர் வெர்ஷன்.டிஎல்எல். விண்டோஸின் சொந்த லைப்ரரி ஒன்றுக்கும் அதே பெயர்தான். ஒரு நிரல் தனக்கு வேண்டிய லைப்ரரியைப் பொதுவாகத் தன் ஃபோல்டரிலேயே முதலில் தேடும். எனவே ஆன்டிவைரஸ் தன் கையாலேயே திருட்டு லைப்ரரியை எடுத்து, தனக்குள்ள அதிகாரத்தோடு ஓடவிட்டது. ‘குப்டிமைனர்’ என்ற பெயரில் இதை 2024 ஏப்ரலில் வெளியிட்டது அவாஸ்ட் நிறுவனம். அவர்கள் எச்சரித்ததன் பேரில் 2023 ஜூலையிலேயே ஓட்டை அடைக்கப்பட்டிருந்தது. பொதி யாரிடமிருந்து வந்தது என்பதைக் கறாராகச் சோதித்திருந்தால் இந்தத் தாக்குதல் வாசலிலேயே நின்றிருக்கும்.

2024 ஜூலை 19 அன்று கணினிப் பாதுகாப்பு நிறுவனமான கிரவுட்ஸ்ட்ரைக் அனுப்பிய கோப்பில் நிலைமை நேர்மாறு. அனுப்பியது அந்த நிறுவனமேதான். ஆனால் புதிய விதி 21 உள்ளீடுகளை எதிர்பார்த்தது. கணினியில் இருந்த மென்பொருள் தந்ததோ 20. இல்லாத இருபத்தொன்றாவதைப் படிக்கப் போய், விண்டோஸின் மையப் பகுதியான கெர்னலுக்குள்ளேயே தடுக்கி விழுந்தது. அனுப்பும் முன் பார்க்க வேண்டிய சோதனை நிரலிலும் பிழை இருந்தது. சுமார் 85 லட்சம் கணினிகள் நீலத் திரையில் நின்றன. இந்திய விமான நிலையங்களில் போர்டிங் பாஸைக் கையால் எழுதிக் கொடுத்தார்கள். சில கணினிகளில் மட்டும் முதலில் ஓட்டிப் பார்த்துவிட்டு, படிப்படியாக மற்றவற்றுக்கு அனுப்பியிருந்தால் சேதம் பெருமளவு குறைந்திருக்கும்.

படிக்கத் தக்கதாக இருந்தும் தவறான டெஃபனிஷன் என்று மூன்றாவது வகை ஒன்றும் உண்டு. 2010 ஏப்ரல் 21 அன்று மெக்கஃபி ஆன்டிவைரஸின் 5958ஆம் எண் டெஃபனிஷன், விண்டோஸ் எக்ஸ்பியின் உயிர்நாடியான எஸ்விசிஹோஸ்ட் கோப்பையே வைரஸ் என்றது. கணினிகள் திரும்பத் திரும்ப ரீஸ்டார்ட் ஆகிக்கொண்டே இருந்தன. கையொப்பச் சோதனையோ ஓட்டிப் பார்க்கும் சோதனையோ இதைப் பிடிக்காது. இதற்குக் கிளாம்ஏவி செய்திருக்கும் ஏற்பாடு எனக்குப் பிடித்தது. தினசரிப் பொதிக்குள்ளேயே வைரஸ் சிக்னேச்சர்களோடு இன்னும் சில சிறு கோப்புகள் வருகின்றன. ஒன்றில் குற்றமற்றவை என்று அறிந்த கோப்புகளின் அடையாளங்கள் இருக்கும். இன்னொன்றில், தாங்கள் முன்பு அனுப்பியவற்றுள் இனிப் பொருட்படுத்த வேண்டாத சிக்னேச்சர்களின் பெயர்கள் இருக்கும்.