பூரானும் மரவட்டையும்

ஐப்பசி மாதத்து அடைமழை தொடங்கிவிட்டால் எங்கள் கும்மிடிப்பூண்டி வட்டாரத்து வீடுகளுக்கு அழையா விருந்தினர் இருவர் வந்து சேர்வர். ஒருவர் பூரான், மற்றவர் மரவட்டை. மண்ணுக்குள்ளும் கல்லுக்கடியிலும் வாழ்ந்த இவர்களுடைய வளைகளில் மழைநீர் புகுந்துவிடுகிறது. மேட்டிடம் தேடிப் புறப்பட்டவர்கள் வாயிற்படியைக் கடந்து உள்ளே வருகின்றனர். வயலோரத்துக் கூரை வீடாயினும், தொழிற்பேட்டையை அடுத்துத் தொழிலாளர் குடியிருக்கும் தகரக் கொட்டகையாயினும், இவர்களுக்கு வேறுபாடு இல்லை. நாமும் வேறுபாடு பாராமல், இருவரையும் ஒன்றெனவே எண்ணி ஒரே துடைப்பத்தால் அடித்துவிடுகிறோம். ‘ஏதோ ஒரு பூச்சி’ என்று சொல்லிவிட்டு நம் வேலையைப் பார்க்கச் செல்கிறோம். ஆனால் இவ்விரண்டும் ஒன்றும் அல்ல. இரண்டில் எதுவும் பூச்சியும் அன்று. அது எவ்வாறு என்பதை இன்று காண்போம்.

உயிர்களை வகைப்படுத்திக் காணும் விருப்பம் நமக்குப் புதியதன்று. தொல்காப்பியர் மரபியலில் உயிர்களை அவற்றின் அறிவின் அளவால் ஆறு வகையாகப் பகுத்தார். கறையானையும் எறும்பையும் மூவறிவு உயிர்கள் என்றார். நண்டையும் தும்பியையும் நாலறிவு உயிர்கள் என்றார். மேனாட்டில் சுவீடன் நாட்டறிஞர் லின்னேயஸ், 1758-ஆம் ஆண்டில் வெளிவந்த தம் நூலின் பத்தாம் பதிப்பில், பூரான், மரவட்டை, சிலந்தி, தேள், நண்டு ஆகிய அனைத்தையும் ‘சிறகில்லாப் பூச்சிகள்’ என்ற ஒரே கூட்டத்தில் சேர்த்தார். நம் நாட்டிலும் பரவலாகக் காணப்படும் ஒரு பூரானுக்கு ‘ஸ்கோலோபெண்டிரா மார்சிடன்ஸ்’ என்று அவர் அந்நூலில் இட்ட பெயர் இன்றும் நிலைத்திருக்கிறது. ஆயினும் அவர் வகுத்த அந்தக் கூட்டம் நிலைக்கவில்லை. பிரெஞ்சு அறிஞர் லாட்ரேய் 1802-இல் பூரானையும் மரவட்டையையும் பிரித்தெடுத்து, ‘மிரியாபோடா’ என்னும் தனிக் கூட்டமாக வைத்தார். அதனை நாம் ‘பல்காலிகள்’ எனலாம்.

இன்றைய வகைப்பாடு வருமாறு. இணைப்புகளால் ஆன கால்களும், கண்டங்களாகப் பகுக்கப்பட்ட உடலும், புற ஓடும் உடைய உயிர்கள் யாவும் ‘கணுக்காலிகள்’ என்னும் பெருந்தொகுதியைச் சேர்ந்தவை. இத்தொகுதியில் பூச்சிகள், நண்டு முதலிய ஓட்டுடலிகள், சிலந்தியும் தேளும் அடங்கிய கூட்டம், பல்காலிகள் ஆகியவை பெரும் பிரிவுகளாம். பல்காலிகளுள் நான்கு வகுப்புகள் உண்டு. கைலோபோடா என்பது பூரான் வகுப்பு. டிப்ளோபோடா என்பது மரவட்டை வகுப்பு. எஞ்சிய ஸிம்ஃபைலா, பௌரோபோடா ஆகிய இரண்டும் மண்ணுக்குள் வாழும் மிகச் சிறிய உயிர்களின் வகுப்புகள்.

முதலில் பூச்சி எது என்பதைத் தெளிவாக்கிக் கொள்வோம். தலை, மார்பு, வயிறு என மூன்று உடற்பகுதிகள், மார்பில் மூன்று இணைக் கால்கள், தலையில் ஓர் இணை உணர்கொம்புகள், பெரும்பாலானவற்றிற்குச் சிறகுகள். இதுவே பூச்சியின் இலக்கணம். கால்களை எண்ணிப் பாருங்கள். ஆறு என்றால் பூச்சியாக இருக்கலாம். வளர்ந்த உயிருக்கு எட்டு என்றாலோ, நாற்பது என்றாலோ அது பூச்சி அன்று. பூரானுக்கும் மரவட்டைக்கும் உணர்கொம்புகள் பூச்சியைப் போல ஓர் இணையே. ஆனால் மார்பு வேறு, வயிறு வேறு என்ற பிரிவு அவற்றின் உடலில் இல்லை. தலைக்குப் பின் கால்கள் பொருந்திய நீண்ட உடலே உண்டு.

இனி, பூரானை மரவட்டையினின்றும் பிரித்தறிவது எங்ஙனம்? ஒரு கண்டத்திற்கு எத்தனை கால்கள் என்று பார்த்தல் வேண்டும். பூரானின் உடல் தட்டையானது. ஒவ்வொரு கண்டத்திற்கும் ஓர் இணைக் கால்கள் பக்கவாட்டில் நீண்டிருக்கும். மரவட்டையின் உடல் பெரும்பாலும் உருண்டையானது. அதன் முதல் வளையத்தில் கால்கள் இல்லை. அடுத்த மூன்று வளையங்களில் ஒவ்வோர் இணை. அதன்பின் வளையத்திற்கு இரண்டிரண்டு இணைகள். கருவில் இரண்டிரண்டு கண்டங்கள் இணைந்து ஒரு வளையமாகிவிடுவதே இதற்குக் காரணம். ‘டிப்ளோபோடா’ என்ற பெயருக்கு இரட்டைக்காலி என்பதே பொருள்.

பூரானைச் ‘சதபாதி’, அஃதாவது நூறு காலி, என்று நூல்களில் எழுதுவர். அப்பெயர் எண்ணிப் பார்த்து இட்டதன்று. வளர்ந்த பூரான்களுக்கு இயல்பாக 15 இணை முதல் 191 இணை வரை கால்கள் இருக்கும். அந்த இணைகளின் எண்ணிக்கை ஒற்றைப்படையாகவே அமையும். நூறு கால் வேண்டுமாயின் 50 இணை வேண்டும். ஐம்பதோ இரட்டைப்படை எண். ஆகவே சரியாக நூறு கால் கொண்ட பூரானைத் தேடிச் செல்பவர் வெறுங்கையோடு திரும்புவர். நம் வீட்டுக்கு வரும் பெரிய பூரானுக்கு 21 இணை, அதாவது 42 கால்களே. குளியலறைச் சுவரில் நீண்ட மெல்லிய கால்களோடு விரைந்தோடும் வகைக்கு 15 இணை. ‘ஆயிரங்காலி’ என்று மேனாட்டார் அழைக்கும் மரவட்டைக்கும் சில நூறு கால்களுக்கு மேல் இருப்பது அரிது. மேற்கு ஆஸ்திரேலியாவில் ஆழ்துளைக்குள் கிடைத்து, 2021-இல் விவரிக்கப்பட்ட ஒரு வகைக்கு 1,306 கால்கள் இருந்தன. அதுவே ஆயிரத்தைத் தாண்டிய முதல் மரவட்டை.

கால்களைப் போலவே வாழ்க்கையும் வேறு. பூரான் வேட்டையாடி உண்பது. அதன் தலையை அடுத்த முதல் இணைக் கால்களே நச்சு உகிர்களாக மாறியுள்ளன. ஆகவே பூரான் பல்லால் கடிப்பதும் இல்லை, வாலால் கொட்டுவதும் இல்லை. காலால் குத்துகிறது என்பதே உண்மை. மரவட்டையோ நஞ்சு உகிர் இல்லாதது. உதிர்ந்து மக்கிய இலைகளைத் தின்று மண்ணை வளப்படுத்துவது. தொட்டால் வளையம்போல் சுருண்டுகொள்ளும். சில வகைகள் உடலின் பக்கங்களிலிருந்து நாற்றமுள்ள நீரைச் சுரக்கும். அந்நீர் தோலில் கறை படியச் செய்யும். கண்ணில் பட்டால் எரியும். இவ்விரண்டு உயிர்களின் மேலோடும் பூச்சியின் ஓட்டைப்போல் ஈரத்தைக் காக்க வல்லதன்று. அதனாலேயே அவை நிழலையும் ஈரத்தையும் நாடுகின்றன. பெரிய பூரானின் தாய், முட்டைகளைத் தன் உடலால் சுற்றி வளைத்து, குஞ்சுகள் வெளிவந்த பின்னும் சில காலம் காத்துநிற்கும் என்பதையும் மறவாதீர்கள்.

இவ்வளவும் ஏட்டறிவு தானே, இதனால் என்ன பயன் என்று கேட்பீர்கள். என் வாழ்வில் நிகழ்ந்த ஒன்றைச் சொல்கிறேன். நான் தலைமையாசிரியனாக இருந்தபோது, ஒரு மழைநாளில் ஏழாம் வகுப்பு மாணவி ஒருத்தியின் கைகளிலும் கழுத்திலும் சிவந்த தடிப்புகள் எழுந்தன. ‘பூரான் கடி’ என்றார் ஓர் ஆசிரியை. ‘ஆம், காணாக்கடிதான்’ என்றேன் நான். கருப்பட்டி வாங்கிவரச் சொன்னேன். அந்த வாரந்தான் கணுக்காலிகள் பாடத்தை நானே அவ்வகுப்பில் நடத்தியிருந்தேன்! அரைமணி நேரத்தில் குழந்தையின் உதடுகள் வீங்கின, மூச்சு இழுத்தது. அலறியடித்து மருத்துவமனைக்குக் கொண்டு சென்றோம். மருத்துவர் ஊசி போட்டுவிட்டு என்னிடம் ஒரே கேள்வி கேட்டார்: “பூரான் குத்திய இடம் எங்கே ஐயா?” என்னால் காட்ட இயலவில்லை, ஏனெனில் அப்படி ஓர் இடமே இல்லை. அது உணவு ஒவ்வாமையால் வந்த தடிப்பு. குழந்தை பிழைத்தாள். நான் இழக்கச் செய்த அரைமணி நேரத்தை இன்றும் மறந்தேன் அல்லேன்.

பூரான் உண்மையில் குத்தினால் இரண்டு சிறு துளைகள் தெரியும். அவ்விடத்தில் கடும் வலியும் வீக்கமும் உண்டாகும். உடலெங்கும் பரவும் தடிப்பைக் கண்டவுடன் பூரான்மீது பழி போடுதல் தவறு. குத்திய இடத்தைச் சோப்பிட்டுக் கழுவுங்கள். பொறுக்கக்கூடிய சூட்டில் வெந்நீரில் வைத்தால் வலி தணிவதுண்டு. கீறுவதும், உறிஞ்சுவதும், கயிற்றால் இறுகக் கட்டுவதும் கூடா. பூரானால் உயிரிழப்பு மிக மிக அரிது. ஆயினும் குழந்தைகளையும், வலி தணியாதவர்களையும் மருத்துவரிடம் காட்டுதல் நன்று. காரணம் எதுவாயினும் முகம் வீங்கினாலோ மூச்சுத் திணறினாலோ ஒரு கணமும் தாமதியாமல் மருத்துவமனைக்குச் செல்ல வேண்டும்.

இறுதியாக ஒரு செய்தி. பூச்சிக்கு நெருங்கிய உறவு பல்காலிகளே என்று நெடுங்காலம் பாடநூல்கள் கூறின; நானும் அவ்வாறே படித்தேன். மரபணுக்களை ஒப்பிட்டு ஆய்ந்த பின் அக்கருத்து மாறியது. பூச்சிக்கு நெருங்கிய உறவு நண்டும் இறாலும் அடங்கிய கூட்டமே. பல்காலிகள் அதற்கு அப்பாலுள்ள கிளை. நண்டையும் தும்பியையும் தொல்காப்பியர் ஒருங்கு வைத்தது நினைவிருக்கும். அவர் கண்ட அடிப்படை புலனறிவு. இன்றைய அறிவியல் கண்டது பிறப்புவழி. இரண்டையும் ஒன்றெனக் கொண்டு பெருமை பேசுதல் முறையன்று. ஆனால், கூர்ந்து பார்த்த பின்னரே பெயரிட வேண்டும் என்ற பாடத்தை இரண்டும் நமக்குத் தருகின்றன.

மாணவர்களே! அடுத்த மழையில் உங்கள் வாயிற்படியில் ஏதேனும் ஊர்ந்து வந்தால் துடைப்பத்தை எடுக்குமுன் சற்றே நில்லுங்கள். தொடாமல், எட்ட நின்று கால்களைப் பாருங்கள். இரட்டை இரட்டையாக இருப்பின் ஒரு முறத்தில் ஏந்தித் தோட்டத்தில் விட்டுவிடுங்கள். அது உங்கள் செடிகளுக்கு உரம் தரும். ஒற்றை இணையாக இருப்பின் தம்பி தங்கையரைத் தள்ளி நிறுத்தி, பெரியவர்களை அழையுங்கள். தரையில் உறங்குவோர் பாயை உதறி விரியுங்கள்.