பன்னிரண்டு வருஷத்துச் சண்டை

பொருளாதாரம் என்ற சொல்லைக் கேட்டவுடனே நம்மில் பலருக்குக் கொட்டாவி வந்துவிடுகிறது. அரிசி விலை ஏறிற்று என்று யாராவது சொன்னால் மட்டும் கொட்டாவி நின்று விழிப்பு வந்துவிடும்! விலைவாசி, குத்தகை, பஞ்சம் ஆகியவற்றைச் சாஸ்திரமாக எழுதி வைத்தவர்களும் நம்மைப் போன்ற மனிதர்களே. விருந்துக்கு அழைத்தவர்கள், பணத்தைப் பற்றிக் கவலைப்பட்டவர்கள், கடிதத்தில் ஓயாமல் வாதாடியவர்கள். அவர்களில் இருவருடைய சிநேகத்தையும், அவர்களுடைய கருத்துக்கள் நமது நாட்டுக்கு வந்து சேர்ந்த விதத்தையும் இங்கே சொல்லப் புகுகிறோம்.

பாதிரியாரும் பங்கு வியாபாரியும்

தாமஸ் ராபர்ட் மால்தஸ் 1766-ம் வருஷம் இங்கிலாந்தில் ஸர்ரே ஜில்லாவில் பிறந்தார். கேம்பிரிட்ஜில் கணிதம் பயின்று பாதிரியாரானார். மனித சமூகம் நாளுக்கு நாள் உயர்ந்து பூரண நிலையை எய்தும் என்பது அவருடைய தகப்பனாரின் நம்பிக்கை. பிள்ளைக்கோ அந்த நம்பிக்கை இல்லை. வீட்டில் நடந்த இந்த வாதத்திலிருந்து பிறந்ததுதான், 1798-ல் ஆசிரியர் பெயரில்லாமல் வெளிவந்த ஜனத்தொகை பற்றிய நூல். உணவு பெருகும் வேகத்தைக் காட்டிலும் ஜனங்கள் பெருகும் வேகம் அதிகம். பஞ்சமும் பிணியும் வந்தே இரண்டையும் சமன் செய்கின்றன என்பது அதன் சாரம். 1803-ல் வந்த இரண்டாம் பதிப்பில், விவாகத்தைத் தாமதித்து அடக்கத்துடன் வாழ்ந்தால் அந்தக் கொடுமைகளைக் குறைக்கலாம் என்றும் சேர்த்துக் கொண்டார்.

டேவிட் ரிக்கார்டோ 1772-ல் லண்டனில் ஒரு யூதக் குடும்பத்தில் பிறந்தவர். பதினாலாவது வயதிலேயே தகப்பனாருடன் பங்கு வியாபாரத்தில் இறங்கினார். இருபத்தொன்றாம் வயதில் க்வேக்கர் வகுப்பைச் சேர்ந்த பெண்ணை மணந்து கொண்டதால் பெற்றோரின் உறவு அறுந்து போயிற்று. தனியாகத் தொழில் தொடங்கியவர், சில வருஷங்களில் பெருந்தனவந்தராகி விட்டார். கலாசாலைப் படிப்பு அவருக்குக் கிடையாது. 1799-ல் பாத் நகரில் தங்கியிருந்தபோது ஆடம் ஸ்மித்தின் நூல் தற்செயலாகக் கையில் அகப்பட்டது. அன்று பிடித்த பைத்தியம் கடைசி வரையில் விடவில்லை.

இவ்விருவரும் 1811-ல் அறிமுகமானார்கள். அது முதல் பன்னிரண்டு வருஷம், ஒருவர் வீட்டுக்கு ஒருவர் போவதும், போக முடியாதபோது கடிதம் எழுதுவதுமாக வாதம் நடந்தது.

வாட்டர்லூவுக்கு முன்னால்

1815-ம் வருஷம் ஜூன் மாதம். நெப்போலியனுடன் யுத்தம் முற்றியிருந்த சமயம். பிரிட்டிஷ் சர்க்கார் 360 லட்சம் பவுன் கடன் திரட்டிற்று. அதை ஏற்று நடத்தியவர்களில் ரிக்கார்டோ ஒருவர். சிநேகிதருக்கும் நாலு காசு கிடைக்கட்டுமென்று ஒரு பகுதியை மால்தஸின் பெயரில் ஒதுக்கி வைத்தார். பாதிரியாருக்கோ வயிற்றில் புளியைக் கரைத்தது. நெப்போலியன் ஜயித்துவிட்டால் என்ன கதி? "விற்று விடும்" என்று எழுதிக் கேட்டுக் கொண்டார். ரிக்கார்டோவும் சொற்ப லாபத்துக்கு அதை விற்றுக் கொடுத்தார்; தம்முடைய பங்கை மட்டும் வைத்துக் கொண்டார். சில நாளில் வாட்டர்லூ வெற்றிச் செய்தி வந்தது. கடன் பத்திரங்களின் விலை ஏறிற்று. ரிக்கார்டோ பெரும் லாபம் அடைந்தார். இதனால் சிநேகத்துக்கு ஒரு குறைவும் ஏற்படவில்லை.

இன்னொரு வேடிக்கையையும் கேளுங்கள். வெளிநாட்டுத் தானியத்தைத் தடுத்து உள்நாட்டு விலையை உயர்த்தும் சட்டத்தைப் பற்றி அதே வருஷம் பெரிய சர்ச்சை நடந்தது. சட்டத்தால் லாபம் பெறுகிறவர்கள் நிலச்சுவான்தார்கள். 1814-ல் காட்கோம் பார்க் என்ற பெரிய பண்ணையை வாங்கி நிலச்சுவான்தாராகியிருந்த ரிக்கார்டோ அந்தச் சட்டத்தை எதிர்த்தார். குத்தகையே வாங்கியறியாத மால்தஸ் ஆதரித்தார்! சொந்த லாபத்தை உத்தேசித்து இருவரில் ஒருவரும் பேசவில்லை என்பதற்கு வேறு அத்தாட்சி வேண்டுமா?

கடிதத்தில் நடந்த வழக்கு

நிலக் குத்தகை எப்படி உண்டாகிறது என்பது முதல் கேள்வி. உதாரணமாக, ஒரே அளவு உழைப்பில் நல்ல வயல் இருபது கலம் தருகிறது. மட்ட வயல் பத்துக் கலம் தருகிறது. ஜனங்கள் பெருகி மட்ட வயலையும் உழ நேர்ந்தால், மிகுதியான பத்துக் கலம் நல்ல வயலின் சொந்தக்காரருக்குக் குத்தகையாகச் சேரும். இதை இருவருமே 1815-ல் வெளியிட்டார்கள். ஆனால் மால்தஸ் அதில் பூமியின் கொடையைக் கண்டார். ரிக்கார்டோ பூமியின் கஞ்சத்தனத்தைக் கண்டார்.

சரக்குத் தேங்குவது இரண்டாவது கேள்வி. நாடு முழுவதும் சரக்குக் குவிந்து, வாங்குவாரில்லாமல் தொழிலாளர் வேலையிழக்கக் கூடுமா? கூடும் என்றார் மால்தஸ். வாங்கும் சக்தி குறைந்தால் களஞ்சியம் நிறைந்திருந்தும் வயிறு காயும். அப்போது சாலை போடுதல் போன்ற வேலைகளை ஏழைகளுக்குக் கொடுக்க வேண்டும் என்றார். அது நீடிக்காது, தானே சரியாகி விடும் என்றார் ரிக்கார்டோ. 'நீர் உடனே நேரும் விளைவுகளைப் பார்க்கிறீர். நான் நிலையான விளைவுகளைப் பார்க்கிறேன். நமது பேதத்துக்கு அதுவே காரணம்' என்ற கருத்துப்பட ஒரு கடிதத்தில் எழுதினார்.

1823 ஆகஸ்டு முடிவில் ரிக்கார்டோ மால்தஸுக்குக் கடைசிக் கடிதம் எழுதினார். இவ்வளவு பேசியும் அவரவர் கட்சியிலேயே நிற்கிறோம். ஆனால் நீர் என் கட்சிக்கு வந்திருந்தால் கூட உம்மிடம் எனக்கு இதைவிட அதிகப் பிரியம் இராது என்பது அதன் கருத்து. சில நாளைக்கெல்லாம், செப்டம்பர் 11-ந் தேதி, காதில் ஏற்பட்ட நோயினால் 51-வது வயதில் காலமானார். தமது குடும்பத்துக்கு வெளியே வேறு யாரிடமும் இவ்வளவு அன்பு வைத்ததில்லை என்று மால்தஸ் சொன்னார்.

கப்பலேறிய பாதி

இந்தக் கதை இங்கிலாந்தோடு முடிந்திருந்தால் சுகமாயிருந்திருக்கும். ஆனால் மால்தஸ் 1805 முதல் பார்த்த உத்தியோகம் என்ன தெரியுமா? இந்தியாவுக்கு அனுப்ப வேண்டிய வாலிபர்களுக்குக் கிழக்கிந்தியக் கம்பெனி நடத்திய கலாசாலையில் சரித்திரமும் பொருளாதாரமும் போதிப்பது. அந்தக் கலாசாலை 1809 முதல் ஹெய்லிபரியில் இருந்தது. 1834-ல் இறக்கும் வரையில் அவர் அந்த ஆசிரியர் பதவியிலேயே இருந்தார்.

அங்கே அவரிடம் பாடம் கேட்டவர் பிரிங்கிள் என்பவர். 1820-களின் கடைசியில் பம்பாய் மாகாணத்துத் தக்கணப் பகுதியில் நிலவரி விதிக்கும் வேலை அவரிடம் வந்தது. குத்தகைச் சித்தாந்தத்தை அப்படியே கையாண்டு, செலவு போக நிற்கும் விளைவைக் கணக்கிட்டு, அதில் பாதிக்கு மேல் சர்க்காருக்கென்று தீர்மானித்தார். காகிதத்தில் கணக்கு அழகாயிருந்தது. வயலில் அளவுகள் தவறின. கீழ் உத்தியோகஸ்தர்கள் கை வைத்தார்கள். தானிய விலையும் விழுந்தது. வரி கொடுக்க முடியாத குடியானவர்கள் நிலத்தை விட்டு ஓடினார்கள். 1835 முதல் இந்தாபூர் தாலுகாவில் தொடங்கி வேறு முறையில் வரியைத் திருத்தியமைக்க வேண்டியதாயிற்று.

தாது வருஷப் பஞ்சத்தைப் பற்றிப் பாட்டிமார் வாயிலாகக் கேட்ட குடும்பங்கள் பல உண்டு. 1877-ல் சென்னை மாகாணத்துப் பஞ்ச நிவாரணத்தைப் பரிசீலிக்க வந்த ஸர் ரிச்சர்டு டெம்பிள், மால்தஸின் காலத்துக்குப் பிறகு அதே ஹெய்லிபரியில் படித்தவர். 1874-ல் பீகாரில் பர்மா அரிசியைத் தருவித்து ஜனங்களைக் காப்பாற்றியதற்காக 'வீண் செலவுக்காரர்' என்று பெயரெடுத்திருந்தார். சென்னையிலோ, நிவாரண வேலை செய்பவருக்கு நாளொன்றுக்கு ஒரு பவுண்டு தானியமும் சில்லறைக் காசுமே போதும் என்று குறைத்தார். மாகாண சுகாதார அதிகாரி கார்னிஷ், இது உயிரைக் காக்கப் போதாது என்று வாதாடினார். சில மாதங்களுக்குப் பிறகே கூலி உயர்ந்தது. இந்தியாவில் ஜனங்கள் உணவை மிஞ்சிப் பெருகுகிறார்கள் என்ற பொருளில் வைசிராய் லிட்டன் பிரபு அதே வருஷம் பேசினார். அந்தப் பஞ்சத்தில் பிரிட்டிஷ் இந்தியாவில் மட்டும் 50 லட்சத்துக்கு மேற்பட்டவர்கள் மாண்டார்கள் என்று பஞ்சக் கமிஷன் பின்னர் கணக்கிட்டது.

இத்தனைக்கும் மால்தஸ் மட்டுமே பொறுப்பாளி என்று நாம் சொல்லமாட்டோம். சிக்கனம் பிடித்த வைசிராயும், வியாபாரத்தில் சர்க்கார் தலையிடலாகாது என்ற கொள்கையும், வேற்றரசின் அலட்சியமும் அதில் சேர்ந்திருந்தன. ஆனால் 1800-ம் வருஷத்துப் பஞ்ச காலத்தில் மால்தஸ் எழுதியது என்ன? பொதுவில் தர்ம உதவிச் சட்டங்களைக் கண்டித்த அவரே, அந்த வருஷத்து நெருக்கடியில் அவை தேசத்துக்கு நன்மையே செய்தன என்று ஒப்புக் கொண்டார். சாலை போட்டாவது ஏழைக்கு வேலை கொடு என்று பின்னால் எழுதினார். அந்த மால்தஸ் கப்பலேறவில்லை.

ரிக்கார்டோவின் கடிதங்கள் 1887-ல் புத்தகமாயின. மால்தஸின் பதில்களையும் சேர்த்து வரிசையாகப் படிக்கும் வாய்ப்பு, ஸ்ராஃபா என்ற அறிஞரின் உழைப்பால் 1952-ல்தான் உலகத்துக்குக் கிடைத்தது. இதற்கிடையில் 1930-களில் உலகமெங்கும் வேலையில்லாத் திண்டாட்டம் பரவியபோது, சரக்குத் தேக்கத்தைப் பற்றி மால்தஸ் சொன்னதில் உண்மை இருந்தது என்று கீன்ஸ் எடுத்துக் காட்டினார். நூறு வருஷம் தோற்றதாகக் கருதப்பட்ட கட்சி, மறுபடியும் எழுந்து உட்கார்ந்தது.

சாஸ்திரத்தை உண்டாக்கிய இருவரும் கடைசி வரை சந்தேகப்பட்டார்கள், ஒருவரையொருவர் திருத்தினார்கள். அதை எடுத்துச் சென்றவர்களோ சந்தேகத்தை ஹெய்லிபரியிலேயே விட்டுவிட்டு முடிவை மட்டும் மூட்டை கட்டிக் கொண்டு வந்தார்கள். ஆகவே, பொருளாதார விதி இப்படித்தான் சொல்கிறது என்று யாரேனும் அடித்துப் பேசினால், அதற்கு வந்த பதில் கடிதத்தில் என்ன எழுதியிருந்தது என்று கேட்டு வைப்பது நல்லது.